சட்டப்படிதான் நடந்தது

1956-இல் ஜப்பானின் வடகோடி மாகாணமான ஹொக்கைடோவின் சுகாதாரத் துறை ஒரு சிறு புத்தகம் வெளியிட்டது. அணைக்கட்டு திறந்தாலோ, நூறாவது பள்ளிக்கூடம் கட்டினாலோ அரசாங்கங்கள் சாதனை மலர் போடுமே, அந்த ரகம். சாதனை இதுதான்: மாகாணத்தில் செய்யப்பட்ட கட்டாயக் கருத்தடை அறுவைச் சிகிச்சைகள் ஆயிரத்தைத் தாண்டிவிட்டன. ‘கட்டாய’ என்ற சொல்லைத் தலைப்பிலேயே அச்சிட்டிருந்தார்கள். நாட்டில் நடப்பவற்றில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு தங்கள் கணக்கில்தான் வருகிறது, முதலிடம் தங்களுக்கே என்று உள்ளே பெருமைப்பட்டுக்கொண்டார்கள். இது மறைக்க வேண்டிய சங்கதி என்று துறையில் ஒருவருக்கும் தோன்றியதாகத் தெரியவில்லை.

தோன்றியிருக்க வாய்ப்பும் இல்லை. எல்லாமே சட்டப்படிதான் நடந்தது.

போர் முடிந்து அப்போது 11 ஆண்டுகள் ஆகியிருந்தன. 1947 மே மாதம் நடைமுறைக்கு வந்த புதிய அரசியல் சாசனம் தன் 13-வது பிரிவில், ஒவ்வொருவரும் தனிமனிதராக மதிக்கப்படுவார்கள் என்றது. 14-வது பிரிவில், சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்றது. பெண்கள் முதன்முறையாக ஓட்டுப் போட்டு, நாடாளுமன்றத்திலும் உட்கார்ந்திருந்தார்கள். அந்த நாடாளுமன்றம்தான் 1948-இல் ‘இனமேம்பாட்டுப் பாதுகாப்புச் சட்ட’த்தை நிறைவேற்றியது. எதிர்த்து ஒரு ஓட்டுக்கூட விழவில்லை. தரக்குறைவான சந்ததிகள் பிறப்பதைத் தடுப்பதே நோக்கம் என்று முதல் பிரிவிலேயே எழுதி வைத்தார்கள். 1996 வரை, 48 ஆண்டுகள், அந்த வாசகம் ஒரு ஜனநாயக நாட்டின் சட்டப் புத்தகத்தில் இருந்தது.

அதன்கீழ் சுமார் 25,000 பேருக்குக் கருத்தடை அறுவைச் சிகிச்சை நடந்தது. அதில் ஏறத்தாழ 16,500 பேரிடம் சம்மதம் என்ற பேச்சே எழவில்லை. அந்த 16,500 பேரில் பத்துக்கு ஏழு பேர் பெண்கள். இதே சட்டத்தின் பெயரால், பரம்பரை நோய், தொழுநோய் போன்ற காரணங்களைக் காட்டிச் செய்யப்பட்ட கருக்கலைப்புகள் சுமார் 59,000.

இந்த எண்களுக்குப் பக்கத்தில் இன்னொரு எண்ணையும் வைத்துப் பார்க்க வேண்டும். போருக்கு முன் 1940-இல், ஹிட்லரின் ஜெர்மனி 1933-இல் கொண்டுவந்த சட்டத்தைப் பார்த்து ஜப்பான் ஒரு ‘தேசிய இனமேம்பாட்டுச் சட்டம்’ போட்டது. 1941 முதல் 1947 வரை அதன்கீழ் நடந்த அறுவைச் சிகிச்சைகள் 538. ராணுவத்துக்கு ஆள் வேண்டும், குடியேற்ற நாடுகளுக்கு ஆள் வேண்டும், பெற்றுத் தள்ளுங்கள் என்பதுதான் அன்றைய அரசின் கட்டளை. அதனால் கட்டாயப்படுத்தும் பிரிவை அப்படியே கிடப்பில் போட்டுவிட்டார்கள். போர்வெறி பிடித்த ஜப்பான் செய்தது 538. மனித உரிமை பேசும் சாசனத்தைக் கையில் வைத்திருந்த ஜப்பான் செய்தது 25,000.

ஒரே சட்டத்தின் இரு பக்கங்கள்

இந்தக் கொள்கையின் பிறப்பிடம் ஐரோப்பா. டார்வினின் உறவினர் பிரான்சிஸ் கால்ட்டன் 1883-இல் ‘யூஜெனிக்ஸ்’ என்று இதற்குப் பெயர் வைத்தார். நல்ல வித்துகள் பெருக வேண்டும், மோசமானவை குறைய வேண்டும் என்பது சாரம். எது மோசம் என்று தீர்மானிக்கும் அதிகாரத்தைப் படித்த, வசதியான ஆட்கள் தங்களிடமே வைத்துக்கொண்டார்கள். அமெரிக்காவின் இண்டியானா மாநிலம் 1907-இல் இதைச் சட்டமாக்கியது. 1927-இல் வர்ஜீனியாவின் கருத்தடைச் சட்டம் செல்லும் என்று அமெரிக்க உச்ச நீதிமன்றமே தீர்ப்பளித்தது. அமெரிக்காவில் 60,000-க்கும் மேற்பட்டவர்கள், நாஜி ஜெர்மனியில் சுமார் 4 லட்சம் பேர், நலத்திட்டங்களுக்குப் பெயர்போன ஸ்வீடனில் 1970-களின் நடுப்பகுதி வரை சுமார் 63,000 பேர் என்று கணக்கு நீள்கிறது. இடதுசாரி, வலதுசாரி, பக்திமான், நாத்திகர் என்ற பேதமில்லாமல் எல்லோரும் இதை அறிவியல் என்று நம்பிய காலம் ஒன்று இருந்தது.

ஜப்பானிலும் இதைக் கொண்டுவந்தவர்கள் கொடுங்கோலர்கள் இல்லை. 1947-இல் முதல் மசோதாவை முன்வைத்தவர்கள் சோஷலிஸ்ட் கட்சிக்காரர்கள். அவர்களில் ஒருவர் கட்டோ ஷிஸுயே. ஜப்பானியப் பெண்களிடம் கருத்தடை முறைகளைக் கொண்டுபோய்ச் சேர்க்கப் பாடுபட்டவர், அமெரிக்கக் கருத்தடை இயக்கத் தலைவி மார்கரெட் சாங்கருக்குத் தோழி, 1946-இல் நாடாளுமன்றத்துக்குத் தேர்வான முதல் பெண்களில் ஒருவர். அந்த மசோதா நிறைவேறாமல் போக, அடுத்த ஆண்டு தனிகுச்சி யசாபுரோ என்ற மகப்பேறு மருத்துவர் முன்னின்று அனைத்துக் கட்சி மசோதாவாகக் கொண்டுவந்தார்.

அன்றைய நிலைமை என்ன? தோற்றுப்போன நாடு. சீனாவிலிருந்தும் கொரியாவிலிருந்தும் தென்கிழக்கு ஆசியாவிலிருந்தும் 60 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் மூட்டை முடிச்சோடு திரும்பிக்கொண்டிருந்தார்கள். அரிசிக்கு ரேஷன், அதுவும் ஒழுங்காகக் கிடைக்காது. 1949-இல் மட்டும் சுமார் 27 லட்சம் குழந்தைகள் பிறந்தன. திருட்டுத்தனமாகக் கருவைக் கலைக்கப்போய்ப் பெண்கள் செத்துக்கொண்டிருந்தார்கள். இந்தச் சட்டம்தான் அவர்களுக்குச் சட்டபூர்வமான கருக்கலைப்பைத் தந்தது. 1949-இல் வறுமையையும் ஒரு காரணமாகச் சேர்த்த பிறகு கதவு அகலத் திறந்தது. லட்சக்கணக்கான ஜப்பானியப் பெண்களுக்கு இந்தச் சட்டம் ஒரு விடுதலை.

ஆனால் தனிகுச்சிக்கு ஒரு கவலை இருந்தது. படித்தவர்கள் பிள்ளைகளைக் குறைத்துக்கொள்வார்கள். புத்தி குறைந்தவர்களும் நோயாளிகளும் கட்டுப்பாடில்லாமல் பெற்றுக்கொண்டே போவார்கள். இனத்தின் தரம் சரிந்துவிடும். ஆகவே ஒரு சாராருக்கு உரிமை, இன்னொரு சாராருக்குக் கத்தி. ஒரு பெண்ணுக்கு வேண்டாத பிள்ளையை மறுக்கும் உரிமையைத் தந்த அதே சட்டம், இன்னொரு பெண்ணின் வேண்டிய பிள்ளையைப் பறித்தது. பெண்ணியவாதிகள் நெடுங்காலம் இந்தச் சட்டத்தைத் தொடத் தயங்கியதற்குக் காரணம் இங்கேதான் இருக்கிறது. தொட்டால் முதல் பக்கமும் சேர்ந்து போய்விடுமோ என்ற பயம்.

கோப்பு நகர்ந்த விதம்

நடைமுறையைப் பார்த்தால் எந்தத் தாலுகா ஆபீஸ் வேலையையும் போலத்தான் இருக்கிறது. ஒரு மருத்துவர் தன்னிடம் வந்த நோயாளிக்குப் பட்டியலில் உள்ள பரம்பரை நோய் இருக்கிறது என்று கருதினால், மாகாணத்தின் பரிசீலனைக் குழுவுக்கு விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பத்தோடு குடும்ப மரம் ஒன்று வரைந்து இணைக்க வேண்டும். உறவில் யார் தற்கொலை செய்துகொண்டார்கள், யார் காணாமல் போனார்கள், யார் ஜெயிலுக்குப் போனார்கள், யார் குடித்துவிட்டுக் கலாட்டா செய்பவர் என்றெல்லாம் அதில் கேள்விகள். நம் குடும்பங்களில் எத்தனை இந்தத் தேர்வில் தேறும் என்று யோசித்துப் பார்க்கலாம்.

குழுவில் மருத்துவர்கள் இருந்தார்கள், மாகாண அதிகாரிகள் இருந்தார்கள், ஊர் நலப் பிரதிநிதிகள் இருந்தார்கள். நீதிபதியும் அரசு வழக்கறிஞரும்கூட இருந்தார்கள். எனக்கு மிகவும் உறுத்துவது இந்தக் கடைசி இருவர்தான். வாழ்நாள் முழுக்க எதிர்த்தரப்பைக் கேட்காமல் தீர்ப்பு எழுதக் கூடாது என்ற பாடத்தில் ஊறியவர்கள், யாருடைய உடம்பைப் பற்றித் தீர்மானிக்கிறார்களோ அந்த ஆளை ஒரு தடவைகூடப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டார்கள். பல மாகாணங்களில் குழு கூடக்கூட இல்லை. காகிதம் மேசைக்கு மேசை சுற்றி வந்தது, அவ்வளவுதான்.

சம்பந்தப்பட்டவர் மறுத்தால்? உடலைக் கட்டிப்போடலாம், மயக்க மருந்து கொடுக்கலாம், ஏமாற்றியும் செய்யலாம் என்று சுகாதார அமைச்சகம் மாகாணங்களுக்கு எழுத்துபூர்வமாகவே வழிகாட்டியது. ஏமாற்றுவது பெரும்பாலும் சுலபமாக இருந்தது. குடல்வால் ஆபரேஷன் என்று சொன்னால் போதும். செலவு முழுக்க அரசாங்கத்தினுடையது. 1952-இல் சட்டத்தைத் திருத்தி, பரம்பரையாக வராத மனநோயும் அறிவுசார் குறைபாடும் உள்ளவர்களையும் சேர்த்தார்கள். பாதுகாவலர் சம்மதித்தால் குழுவுக்கு விண்ணப்பிக்கலாம். பரம்பரை என்ற அறிவியல் முகமூடியும் அத்தோடு கழன்றது.

1955-இல் கட்டாய அறுவைச் சிகிச்சைகள் உச்சத்தைத் தொட்டன. அந்த ஓராண்டில் 1,300-க்கும் மேல். பிறகு எண்ணிக்கை இறங்கத் தொடங்கியபோது, 1957-இல் அமைச்சகத்திலிருந்து மாகாணங்களுக்கு ஒரு கடிதம் போனது. ஒதுக்கிய பட்ஜெட்டைவிட எண்ணிக்கை குறைவாக இருக்கிறது, மாகாணத்துக்கு மாகாணம் வித்தியாசம் இருக்கிறது, ஆகவே முயற்சி எடுங்கள் என்பது அதன் சாரம். மார்ச் மாதம் வந்தால் ஒதுக்கிய பணத்தைச் செலவழிக்க ஓடும் அலுவலகங்களை நாம் பார்த்திருக்கிறோம். இங்கே செலவுக் கணக்கில் எழுதப்பட்டது ஆட்களின் கருக்குழாய்.

ஹொக்கைடோவில் கட்டாயமாகச் செய்யப்பட்டவை 2,593. அடுத்த இடம் மியாகி மாகாணத்துக்கு, 1,406. மியாகியில் இது ஒரு தொண்டு இயக்கமாகவே நடந்தது. அறிவுசார் குறைபாடுள்ள குழந்தைகளுக்கு விடுதி கட்ட மக்களிடம் நிதி திரட்டினார்கள். திரட்டிய நலச் சங்கத்தின் நோக்கங்களில் ஒன்று இந்த அறுவைச் சிகிச்சையைப் பரவலாக்குவது. நன்கொடை கொடுத்தவர்கள் நல்ல மனதோடுதான் கொடுத்திருப்பார்கள்.

2023-இல் ஜப்பானிய நாடாளுமன்றம் வெளியிட்ட சுமார் 1,400 பக்க ஆய்வறிக்கை இன்னும் பல விவரங்களை வெளியே கொண்டுவந்தது. அறுவைச் சிகிச்சைக்கு ஆளானவர்களில் மிக மூத்தவருக்கு வயது 57. மிக இளையவர்கள் இரண்டு குழந்தைகள். வயது 9.

எரிந்துபோன ஓர் ஆண்டு

மியாகியைச் சேர்ந்த ஒரு பெண். ஏழைக் குடும்பம், மூத்த மகள். அந்த விடுதிகளில் ஒன்றில் சேர்க்கப்பட்டு, பிறகு ஒரு வீட்டில் வேலைக்கு அனுப்பப்பட்டார். அறிவுத்திறன் தேர்வு ஒன்று வைத்து, புத்தி மந்தம் என்று முத்திரை குத்தினார்கள். 1963 ஜனவரியில், 16 வயதில், அந்த வீட்டு எஜமானி அவரைக் கூட்டிக்கொண்டு போனார். எங்கே, எதற்கு என்று சொல்லவில்லை. ஒரு மருத்துவமனையில் அறுவைச் சிகிச்சை முடிந்தது. இனிப் பிள்ளை பிறக்காது என்பது பெற்றோர் தங்களுக்குள் பேசிக்கொண்டதைக் கேட்டபோதுதான் அவருக்குத் தெரிந்தது. கல்யாணம் செய்துகொண்டார். அந்த வாழ்க்கை நிலைக்கவில்லை. 1997-இல் வெளியே வந்து பேச ஆரம்பித்தார். ஆவணத்தைக் கேட்டுப் போனபோது மாகாண அரசு சொன்ன பதில்: அந்த ஒரு நிதியாண்டின் கோப்புகள் மட்டும் எரிக்கப்பட்டுவிட்டன. இருபது வருஷத்துக்கும் மேல் அவர் ஆதாரம் இல்லாத ஒருவராகவே அலைந்தார்.

இன்னொருவர் ஆண். 1957-இல், 14 வயதில், சீர்திருத்த விடுதி ஒன்றில் இருந்தார். அவரிடம் எந்த நோயையும் யாரும் கண்டுபிடித்ததாகத் தெரியவில்லை. அழைத்துக்கொண்டு போய் அறுத்தார்கள். அது எதற்கான அறுவை என்பதை விடுதியில் மூத்த பையன் ஒருவன்தான் பிறகு சொன்னான். பெற்றோர்தான் தன்னை இப்படிச் செய்துவிட்டார்கள் என்று நினைத்து அறுபது வருஷம் அவர்களை வெறுத்தார். மனைவியிடம் பல பத்தாண்டுகள் மறைத்தார். ரத்தப் புற்றுநோயில் அவள் மரணப் படுக்கையில் இருந்தபோது, 2013-இல், உண்மையைச் சொல்லி மன்னிப்புக் கேட்டார். அவள் கோபப்படவில்லை. சாப்பாட்டை மட்டும் ஒழுங்காகச் சாப்பிடுங்கள் என்று சொன்னாளாம். 2018-இல் பத்திரிகையில் செய்தி படித்தபோதுதான், அதைச் செய்தது பெற்றோர் அல்ல, அரசாங்கம் என்பது அவருக்கு விளங்கியது. அதற்குள் அப்பாவும் போய்ச் சேர்ந்திருந்தார்.

காது கேளாத தம்பதிகளுக்கு நடந்தது வேறு விதம். அவர்களைச் சுற்றி எல்லோரும் பேசினார்கள். அவர்களிடம் மட்டும் பேசவில்லை. சைகை மொழியில் விளக்க யாரும் இல்லை. அம்மாவோ மாமியாரோ தலையாட்ட, கர்ப்பத்தையும் கலைத்து, இனிக் கருத்தரிக்காமலும் செய்தார்கள். என்ன நடந்தது என்பது சிலருக்கு வீடு திரும்பிய பிறகுதான் புரிந்தது.

தொழுநோயாளிகளின் கதை இந்தச் சட்டத்தைவிடப் பழையது. தொழுநோய் பரம்பரையாக வருவதில்லை என்பது மருத்துவர்களுக்கு அப்போதே தெரியும். ஆனாலும் 1915-லேயே, எந்தச் சட்டமும் இல்லாத காலத்தில், மித்சுதா கென்சுகே என்ற மருத்துவர் டோக்கியோ அருகே தொழுநோய் மருத்துவமனையில் ஆண்களுக்குக் கருத்தடை செய்ய ஆரம்பித்தார். உள்ளே கல்யாணம் செய்துகொள்ள வேண்டுமா, முதலில் கத்தியின் கீழ்ப் படு என்பது நிபந்தனை. பிறகு அவர் ஒகயாமாவின் நாகாஷிமா தீவில் தொடங்கப்பட்ட முதல் தேசியத் தொழுநோய் இல்லத்தின் இயக்குநரானார். 1951-இல் நாட்டின் மிக உயர்ந்த கலாசார விருதும் அவருக்குக் கிடைத்தது. 1948 சட்டம் அவருடைய வழக்கத்துக்குச் சட்ட அங்கீகாரம் தந்தது. நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆரம்பித்த கட்டாயத் தனிமைப்படுத்தல் 1996 வரை நீடித்தது. பிறகு நடந்த விசாரணையில், தொழுநோய் இல்லங்களிலும் ஆய்வு நிலையத்திலுமாக மருந்துப் புட்டிகளில் மிதந்துகொண்டிருந்த 114 கருக்களும் சிசுக்களும் கண்டெடுக்கப்பட்டன. எதற்காகப் பாதுகாத்தார்கள் என்று யாராலும் உருப்படியாகச் சொல்ல முடியவில்லை.

‘எங்களைக் கொல்லலாமா?’

இதற்கு எதிரான முதல் உரத்த குரல் வந்தது மூளைவாத நோயாளிகளிடமிருந்து. 1970-இல் யோகோஹாமாவில் ஒரு தாய், மூளைவாதம் உள்ள தன் இரண்டு வயதுக் குழந்தையைக் கொன்றார். அக்கம்பக்கத்தார் பரிதாபப்பட்டு, அந்தத் தாய்க்குத் தண்டனை வேண்டாம் என்று கையெழுத்து வேட்டை நடத்தினார்கள். அவோய் ஷிபா என்ற மூளைவாத நோயாளிகள் சங்கம் கொதித்தெழுந்தது. எங்களைக் கொன்றால் குற்றமில்லையா என்று கேட்டது. அந்தக் கேள்வியை அதுவரை யாரும் கேட்டதில்லை, கேட்கக் கூடியவர்கள் என்று அவர்களை யாரும் எண்ணியதும் இல்லை.

ஹியோகோ மாகாணம் 1966 முதல் ‘பரிதாபமான குழந்தைகள் பிறக்காதிருக்கும் இயக்கம்’ என்று ஒன்றை நடத்திவந்தது. மாற்றுத்திறனாளிகளின் எதிர்ப்பால் 1974-இல் அதை நிறுத்த வேண்டியதாயிற்று. 1972-இல் ஜப்பான் அரசு 1948 சட்டத்தைத் திருத்தப் பார்த்தது. வறுமைக்காகக் கருவைக் கலைக்கும் உரிமையை நீக்கிவிட்டு, கருவிலேயே குறையிருந்தால் கலைக்கலாம் என்று சேர்ப்பது திட்டம். பெண்கள் அமைப்புகளும் மாற்றுத்திறனாளிகளும் ஒரே மேடையில் சண்டை போட்டுக்கொண்டே அதை எதிர்த்தார்கள். திருத்தம் தோற்றது. பழைய சட்டம் அப்படியே பிழைத்துக் கிடந்தது.

1994-இல் கெய்ரோவில் நடந்த மக்கள்தொகை மாநாட்டுக்குச் சென்ற ஜப்பானிய மாற்றுத்திறனாளிப் பெண் அசாகா யூஹோ, இப்படி ஒரு சட்டம் இன்னமும் தம் நாட்டில் உயிரோடு இருக்கிறது என்று உலகத்துக்கு முன் போட்டு உடைத்தார். அதே ஆண்டு பிப்ரவரியில் நம் நாட்டிலும் ஒன்று நடந்தது. புணே அருகே ஷிரூரில் உள்ள அரசு இல்லத்தில் இருந்த அறிவுசார் குறைபாடுள்ள பெண்களில் பத்துக்கும் மேற்பட்டவர்களுக்குக் கருப்பையை அகற்றினார்கள். மாதவிடாயின்போது சுத்தமாக இருக்கத் தெரியவில்லை என்பது காரணம். அதற்குச் சட்டம்கூடத் தேவைப்படவில்லை. போராட்டம் வெடித்த பிறகுதான் நிறுத்தினார்கள். அறிவுசார் குறைபாடுள்ள பெண்ணாக இருந்தாலும் பிள்ளை பெறுவது அவளுடைய விருப்பம் என்று இந்திய உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்ல 2009 ஆயிற்று. எமர்ஜென்சியில் 1976-77 என்ற ஒரே ஆண்டில் 80 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களுக்குக் கருத்தடை செய்த நாடு இது. ஜப்பானைப் பார்த்து மூக்கின்மேல் விரல் வைக்கும் தகுதி நமக்கு இல்லை.

கெய்ரோவில் மானம் போன பிறகு ஜப்பான் அவசரம் காட்டியது. 1996 ஜூனில், பெரிய விவாதம் எதுவும் இல்லாமல், இனமேம்பாடு சம்பந்தப்பட்ட பிரிவுகளையெல்லாம் வெட்டியெடுத்துவிட்டு, ‘தாய்மைப் பாதுகாப்புச் சட்டம்’ என்று பெயரை மாற்றினார்கள். அறுக்கப்பட்ட 25,000 பேர் என்ன ஆனார்கள் என்ற பேச்சு அதில் இல்லை. அடுத்த ஆண்டு ஸ்வீடனின் பழைய கதை உலகச் செய்தியாக வெடித்தபோது, ஜப்பானிலும் ஒரு குழு உருவாகி மன்னிப்பும் இழப்பீடும் கேட்டது. 1998-இல் ஐக்கிய நாடுகளின் மனித உரிமைக் குழுவும் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. ஸ்வீடன் அடுத்த ஆண்டே கொடுத்துவிட்டது. ஜப்பான் அரசு இருபது வருஷம் ஒரே பதிலைத் திருப்பித் திருப்பிச் சொன்னது: அப்போதைய சட்டப்படிதான் நடந்தது.

கடிகாரம் யார் பக்கம்?

2018 ஜனவரி 30. செண்டாய் மாவட்ட நீதிமன்றத்தில் நாட்டிலேயே முதல் வழக்கு பதிவானது. தொடுத்தவர் மியாகியைச் சேர்ந்த, அறுபது வயதைத் தாண்டிய, அறிவுசார் குறைபாடுள்ள ஒரு பெண். 1972-இல், 15 வயதில், அவருக்கு அறுவைச் சிகிச்சை நடந்திருந்தது. வயிற்றில் இருந்த தழும்பைப் பார்த்துச் சந்தேகப்பட்ட அண்ணி, தகவல் கேட்டு மனுப்போட்டார். இவருடைய கோப்பு எரியாமல் இருந்தது.

2019 மே மாதம் தீர்ப்பு வந்தது. சட்டம் அரசியல் சாசனத்துக்கு விரோதம், ஆனால் இழப்பீடு கிடையாது. பழைய சிவில் சட்டத்தின்படி தீங்கு நடந்து 20 ஆண்டுகள் ஆனால் வழக்குப் போடும் உரிமை காலாவதியாகிவிடும். கணக்கைப் பாருங்கள். அறுவை நடந்தது 1972. 20 ஆண்டு முடிந்தது 1992. அவரை அறுத்த சட்டமோ 1996 வரை அமலில் இருந்தது. சட்டம் உயிரோடு இருக்கும்போதே அதன் மீது வழக்குப் போட்டிருக்க வேண்டும் என்று, தனக்கு என்ன நடந்தது என்பதே தெரியாத ஒரு பெண்ணிடம் அரசாங்கம் எதிர்பார்த்தது.

தீர்ப்புக்கு ஒரு மாதம் முன்னால் நாடாளுமன்றம் அவசரமாக ஒரு நிவாரணச் சட்டம் போட்டது. தலைக்கு 32 லட்சம் யென். ஸ்வீடன் கொடுத்ததைப் பார்த்துப் போட்ட கணக்கு. முன்னுரையில் மன்னிப்பும் இருந்தது. கேட்பது அரசு என்று மட்டும் எழுதவில்லை.

வழக்குகள் பல ஊர்களில் பெருகின. 2022 பிப்ரவரியில் ஒசாகா உயர் நீதிமன்றம் முதன்முறையாகக் காலக்கெடுவை ஓரங்கட்டி இழப்பீடு தரச் சொன்னது. டோக்கியோ உயர் நீதிமன்றம் அடுத்த மாதமே அதே வழியில் போனது. முதல் வழக்கை விசாரித்த செண்டாய் உயர் நீதிமன்றமோ அசையவில்லை. கடைசியில் 2024 ஜூலை 3-ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் 15 நீதிபதிகள் கொண்ட முழு அமர்வு, சட்டம் இயற்றப்பட்ட நாளிலேயே அது சாசனத்தின் 13, 14-வது பிரிவுகளுக்கு விரோதமானது என்று ஒருமனதாகச் சொன்னது. 20 ஆண்டுக் கெடுவைக் காட்டி அரசு தப்பிக்கப் பார்ப்பது நீதிக்கும் நியாயத்துக்கும் அடியோடு எதிரானது என்றது. வழக்குத் தொடுத்த 39 பேரில் 6 பேர் அதற்குள் இறந்துவிட்டிருந்தார்கள்.

இரண்டு வாரம் கழித்து அப்போதைய பிரதமர் கிஷிடா பாதிக்கப்பட்டவர்களை நேரில் அழைத்துத் தலைவணங்கி மன்னிப்புக் கேட்டார். அக்டோபரில் புதிய சட்டம் வந்தது. அறுவைச் சிகிச்சைக்கு ஆளானவருக்கு 1.5 கோடி யென், அவருடைய கணவன் அல்லது மனைவிக்கு 50 லட்சம், கட்டாயக் கருக்கலைப்புக்கு 20 லட்சம். இந்தத் தடவை மன்னிப்புக் கேட்பது நாடாளுமன்றமும் அரசும் என்று எழுதினார்கள். இந்தச் சட்டமும் ஒருமனதாகத்தான் நிறைவேறியது, 1948-இல் போலவே.

ஆனால் இந்த எண்ணம் சட்டத்தோடு செத்துவிடவில்லை. 2016-இல் சாகமிஹாரா நகரில், முன்பு வேலை பார்த்த விடுதிக்குள் புகுந்து 19 மாற்றுத்திறனாளிகளைக் குத்திக் கொன்றவன், இவர்கள் இல்லாமலிருப்பதே சமூகத்துக்கு நல்லது என்று வாதிட்டான். அவன் ஒரு வெறியன் என்று தள்ளிவிடலாம். 2022 டிசம்பரில் ஹொக்கைடோவில் வெளிவந்ததை அப்படித் தள்ள முடியாது. அங்கே ஒரு நல நிறுவனத்தின் குழு இல்லத்தில், சேர்ந்து வாழவோ கல்யாணம் செய்துகொள்ளவோ விரும்பிய அறிவுசார் குறைபாடுள்ள 8 ஜோடிகளிடம் கருத்தடை செய்துகொள்ளச் சொன்னார்கள். குழந்தை பிறந்தால் பார்த்துக்கொள்ள ஆளில்லையே என்பது பதில். நடைமுறைக் கஷ்டம் என்று நம்மில் பலரும் தலையாட்டக்கூடிய பதில்தான் அது. 1948-இலும் எல்லோரும் இப்படித்தான் தலையாட்டினார்கள்.

இப்போது பணம் இருக்கிறது, சட்டம் இருக்கிறது, வாங்க ஆளைக் காணோம். 2019 நிவாரணச் சட்டத்தின்கீழ் ஐந்து ஆண்டுகளில் அங்கீகரிக்கப்பட்டவர்கள் சுமார் 1,100 பேர்தான். மற்றவர்களில் பாதிப்பேர் இறந்திருக்கலாம். இருப்பவர்களில் பலருக்குத் தனக்கு நடந்தது என்ன என்பதே தெரியாது. சிலர் முதியோர் இல்லங்களில், சிலர் பேச முடியாமல். பல மாகாணங்களில் கோப்புகள் அழிந்துவிட்டன. பெயரும் முகவரியும் மிஞ்சிய இடங்களில்கூட, குடும்பத்துக்குத் தெரிந்துவிடும், அந்தரங்கம் கெட்டுவிடும் என்று காரணம் சொல்லி அவர்களாகவே வரட்டும் என்று காத்திருந்தார்கள். யாமகட்டா, கிஃபு, ஹியோகோ, தொத்தோரி போன்ற சில மாகாணங்கள் மட்டும் ஆளைத் தேடிப்போய்ச் சொன்னன. ஒரு பதினைந்து வயதுப் பெண்ணை வீடு தேடிப் பிடித்து வரத் தெரிந்த நிர்வாகத்துக்கு, அவள் எண்பது வயதில் எங்கே இருக்கிறாள் என்று தேடுவது இத்தனை சங்கடமாக இருக்கிறது. கோப்பு யார் கையில் இருக்கிறதோ அவர்கள்தான் கதவைத் தட்ட வேண்டும். விண்ணப்பிக்கக் கடைசி நாள் 2030 ஜனவரி 16.